தான் ஒரு படம் என்று தெரிந்த வாத்து

நீங்கள் கேட்டிருப்பதை என் வார்த்தையில் ஒருமுறை சொல்லிப் பார்க்கிறேன். பழைய ஹாலிவுட் கார்ட்டூன்களில் பக்ஸ் பன்னி என்ற முயல், டாஃபி டக் என்ற வாத்து மாதிரியான பாத்திரங்கள் கதை நடந்துகொண்டிருக்கும்போதே திரும்பி நம்மிடம் பேசுகின்றன, இது வெறும் கார்ட்டூன் என்று அவையே சொல்லிவிடுகின்றன. இதை ஆரம்பித்தது யார், டாஃபி நடித்து 1953-இல் வந்த 'டக் அமக்' தான் முதல் படமா, இவ்வளவும் சொன்ன பிறகு நாம் ஏன் இன்னும் ஆவலாகப் பார்த்துக்கொண்டிருக்கிறோம் என்று மூன்று கேள்விகள். முதல் இரண்டுக்கும் தேதியோடு பதில் சொல்லலாம். மூன்றாவதுதான் உங்களை நிஜமாகவே உறுத்துகிறது என்று நினைக்கிறேன். தன்னைப் பொம்மை என்று ஒத்துக்கொண்ட பொம்மை அடிவாங்கும்போது நமக்கு ஏன் பாவமாக இருக்கிறது? அதற்குத்தான் அதிக இடம் எடுத்துக்கொள்ளப் போகிறேன்.

நான் சென்னையில் ஒரு ஸ்டூடியோவில் பன்னிரண்டு வருடம் தாளில் அனிமேஷன் வரைந்தவன். வெளிநாட்டுத் தொடர்களுக்கு இன்பிட்வீன் வேலை: மூத்த ஓவியர் ஒரு அசைவின் முக்கியமான நிலைகளை வரைந்து கொடுப்பார், நடுவில் வரவேண்டிய படங்களை நாங்கள் லைட் பாக்ஸில் தாள் மேல் தாள் வைத்து நிரப்புவோம். இப்போது மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுக்கிறேன். அதனால் படம் எப்படிச் செய்யப்பட்டது என்பதை என்னால் உறுதியாகச் சொல்ல முடியும். மனித மனம் ஏன் சிரிக்கிறது என்பது என் படிப்பு இல்லை. அந்த இடம் வரும்போது அது என் அபிப்பிராயம் மட்டுமே என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் ஒன்றைப் பிரித்துவிடுவோம். பாத்திரம் நம்மைப் பார்த்துப் பேசுவது ஒன்று. தான் வரையப்பட்ட உருவம் என்று அதற்குத் தெரிந்திருப்பது இன்னொன்று. இரண்டையும் சேர்த்துப் பேசுவதால்தான் 'யார் முதலில்' என்ற கேள்வி குழம்புகிறது.

நம்மைப் பார்த்துப் பேசுவது மேடையிலிருந்து வந்தது. அமெரிக்காவில் வாட்வில் என்று ஒரு கதம்ப மேடை நிகழ்ச்சி இருந்தது: பாட்டு, வித்தை, நகைச்சுவைத் துண்டுகள் எல்லாம் ஒரே டிக்கெட்டில். அங்கே நடிகன் பார்வையாளரிடம் ஓரமாக ஒரு வார்த்தை சொல்வது சர்வ சாதாரணம். அந்த மேடையிலிருந்து வந்த நகைச்சுவை நடிகர் க்ரௌச்சோ மார்க்ஸ், 1932-இல் வந்த 'ஹார்ஸ் ஃபெதர்ஸ்' படத்தில், தன் சகோதரர் பியானோ வாசிக்கத் தொடங்கும்போது நேராகக் கேமராவுக்கு வந்து, நான் இங்கே இருந்தாக வேண்டும், நீங்கள் வேண்டுமானால் இது முடியும்வரை வெளியே போய்விட்டு வாருங்கள் என்கிறார். பக்ஸ் பன்னியின் அந்த அலட்சியமான நிதானம் பெரும்பாலும் இங்கிருந்து வந்ததுதான். "இதற்கு அர்த்தம் போர்தான்" என்று பக்ஸ் அடிக்கடி சொல்வதும் க்ரௌச்சோவின் 1933-ஆம் வருடப் படமான 'டக் சூப்'பில் உள்ள வசனம்.

இரண்டாவது வகைதான் அனிமேஷனுக்கே உரியது. அது யாரோ ஒரு கெட்டிக்காரர் பிற்காலத்தில் கண்டுபிடித்த தந்திரம் இல்லை. அனிமேஷன் பிறந்ததே அப்படித்தான். 1906-இல் ஸ்டூவர்ட் பிளாக்டன் எடுத்த படத்தில் ஒரு கை கரும்பலகையில் முகம் வரைகிறது, அப்புறம் அந்த முகம் தானாக அசைகிறது. 1908-இல் பாரிஸில் எமில் கோல் எடுத்த 'ஃபாண்டாஸ்மகோரி' ஏறக்குறைய 700 படங்களால் ஆனது, இரண்டு நிமிடம்கூட ஓடாது. அதிலும் ஒரு கைதான் முதலில் வந்து கோமாளியை வரைகிறது. கடைசியில் கோமாளி விழுந்து உடைந்ததும், வரைந்தவரின் கைகளே மறுபடி வந்து அவனை ஒட்டிச் சரிசெய்கின்றன. ஏன் இந்தக் கை? இதற்கு எளிமையான காரணம் உண்டு. பிளாக்டன், வின்சர் மெக்கே போன்றவர்கள் மேடையில் கூட்டத்துக்கு முன்னால் வேகமாகப் படம் வரைந்து காட்டிச் சம்பாதித்தவர்கள். அவர்கள் மேடையில் காட்டியதே கையைத்தான். சினிமாவுக்கு வந்தபோது கையையும் கூடவே கொண்டுவந்தார்கள்.

மெக்கே செய்ததைச் சற்று நெருங்கிப் பார்க்க வேண்டும். 1914 பிப்ரவரியில் சிகாகோவில், கையில் சாட்டையோடு மேடையில் நிற்கிறார். பின்னால் திரையில் கெர்ட்டி என்கிற டைனோசர். காலைத் தூக்கு என்றால் தூக்குகிறது. சொன்ன பேச்சைக் கேட்காதபோது இவர் அதட்டுகிறார், அது தேம்பி அழுகிறது. இவர் ஒரு பழத்தை எறிவது போலப் பாவனை செய்து மறைத்துக்கொள்ள, திரையில் கெர்ட்டி வாயால் பிடிக்கிறது. கடைசியில் மெக்கே நடந்து திரைக்குப் பின்னால் போகிறார். அதே நொடி திரையில் வரையப்பட்ட சின்ன மெக்கே தோன்றுகிறார், கெர்ட்டி அவரைத் தூக்கிக்கொண்டு போய்விடுகிறது. அந்தக் காலத்தில் பின்னணியைத் தனித்தாளில் வரையும் வசதி அவருக்கு இல்லை. ஒவ்வொரு தாளிலும் மலையையும் ஏரியையும் ஒரு உதவியாளர் திரும்பத் திரும்பப் பிரதி எடுத்தார். பத்தாயிரம் படங்கள் என்று மெக்கே விளம்பரம் செய்தார். எண்ணிக்கை விளம்பரதாரரின் எண்ணிக்கை, அதைச் சற்று ஜாக்கிரதையாகத்தான் எடுத்துக்கொள்ள வேண்டும். ஆனால் படத்தில் மலைக்கோடுகள் லேசாகத் துடித்துக்கொண்டே இருப்பதைப் பார்த்தால், அத்தனை தாளும் கையால் வரைந்தவை என்பது தெரியும். 'கெர்ட்டி'தான் உலகின் முதல் கார்ட்டூன் என்று பல இடங்களில் எழுதுகிறார்கள். அது தவறு. கோல் ஆறு வருடம் முந்தியவர், மெக்கேயே 1911-இல் ஒரு படம் எடுத்திருக்கிறார். கெர்ட்டி முதலாவதாக இருப்பது வேறு ஒன்றில்: அதற்கு ஒரு குணம் இருந்தது. பிடிவாதம், கோபம், கொஞ்சம் கூச்சம். வரைந்தவரை நன்றாகத் தெரிந்த, அவரிடம் முரண்டு பிடித்த பிராணி அது. உங்கள் கேள்விக்கு வேர் அங்கேயே இருக்கிறது.

அடுத்து மேக்ஸ் ஃபிளைஷர். 1918 வாக்கில் தொடங்கி இருபதுகள் முழுக்க ஓடிய 'அவுட் ஆஃப் தி இங்க்வெல்' தொடரில், மேசையில் உட்கார்ந்திருக்கும் நிஜமான மேக்ஸின் மைப்புட்டியிலிருந்து ஒரு கோமாளி வெளியே வருகிறான். பிற்பாடு அவனுக்குக் கோக்கோ என்று பெயர் வந்தது. அவன் மேக்ஸிடம் சண்டை போடுவான், தாளை விட்டு மேசைக்குத் தப்பி ஓடுவான், கடைசியில் மறுபடி மைப்புட்டிக்குள் போவான். அவன் அசைவில் ஒரு மனித வழுவழுப்பு இருக்கும். தம்பி டேவ் கோமாளி உடையில் ஆடியதைப் படம் பிடித்து, ஒவ்வொரு ஃப்ரேமாகத் தாளில் பிரதி எடுத்தது அதற்குக் காரணம். ரோட்டோஸ்கோப் என்ற அந்தக் கருவிக்கு மேக்ஸ் 1917-இல் காப்புரிமை பெற்றார். ஃபீலிக்ஸ் பூனையும் இதே காலம்தான். அது தன் வாலைக் கழற்றிக் கைத்தடியாக்கிக்கொள்ளும், தலைக்கு மேலே வரும் கேள்விக்குறியைப் பிடித்துக் கருவியாகப் பயன்படுத்தும். தான் மையால் ஆனவன் என்று தெரிந்தவனுக்குத்தான் கேள்விக்குறியைக் கையில் எடுக்கத் தோன்றும்.

ஆக, 'டக் அமக்' முதல் இல்லை. அதற்கு முன்னால் 40 வருடத்துக்கு மேல் சரித்திரம் உண்டு. சரியான கேள்வி வேறு: ஆரம்பத்தில் எல்லோரும் காட்டிய கை நடுவில் எங்கே போனது? டிஸ்னி ஸ்டூடியோ அதை மறைத்தது. முப்பதுகளில் அங்கே உடம்புக்கு எடை, துணிக்கு மடிப்பு, பின்னணிக்கு ஆழம் என்று வருடக்கணக்கில் உழைத்து, வரைந்தது என்பதையே மறக்கச் செய்யும் ஒரு கலையை உருவாக்கினார்கள். 1937 டிசம்பரில் 'ஸ்னோ ஒயிட்' திரையிடப்பட்டபோது, வரைந்த பெண்ணுக்காக மக்கள் அழுதார்கள். அது பெரிய சாதனை. நான் வேலை கற்றுக்கொண்டதே அந்த இலக்கணத்தில்தான்.

அதே 1937-இன் ஏப்ரலில் வார்னர் நிறுவனத்துக்காக லியான் ஷ்லெசிங்கர் நடத்திய ஸ்டூடியோவிலிருந்து 'போர்க்கிஸ் டக் ஹன்ட்' வந்தது. இயக்குநர் டெக்ஸ் ஏவரி, டெக்சாஸ்காரர், வயது 29. போர்க்கி பன்றி வாத்து வேட்டைக்குப் போகிறது. சுட்ட வாத்தை எடுத்துவர நாயை அனுப்பினால், வாத்துதான் நாயைத் தூக்கிக்கொண்டு வருகிறது. போர்க்கி கையில் வசனத் தாளை எடுத்து வைத்துக்கொண்டு, இது ஸ்கிரிப்டில் இல்லையே என்கிறது. அதைப் பற்றிக் கவலைப்படாதே, நான் ஒரு பைத்தியக்கார வாத்து என்று அந்த வாத்து சொல்லிவிட்டுத் தண்ணீர் மேல் குதித்துக் குதித்துப் போய்விடுகிறது. டாஃபி டக்கின் முதல் படம் அதுதான். டாஃபி உலகத்துக்கு வந்தபோதே ஸ்கிரிப்டை மீறிக்கொண்டுதான் வந்தது என்பதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

ஏவரியைப் பற்றி மட்டுமே நாள் முழுக்கப் பேசலாம். அவர் படங்களின் தனித்தன்மை என்னவென்றால், அவர் தியேட்டரையே படத்துக்குள் இழுத்துக்கொண்டார். 1938-இல் 'டாஃபி டக் அண்ட் எக்ஹெட்' படத்தில், பார்வையாளர் ஒருவர் இருக்கையிலிருந்து எழுந்த மாதிரி ஒரு கறுப்பு நிழல் திரையில் விழுகிறது. பாத்திரம் உட்காரச் சொல்கிறது, கேட்காதபோது சுட்டே விடுகிறது. அடுத்த வருடம் 'தக்ஸ் வித் டர்ட்டி மக்ஸ்' என்ற படத்தில், இதே மாதிரி ஒரு நிழல் மனிதர் நான் இந்தப் படத்தை இரண்டு தடவை பார்த்துவிட்டேன் என்று சொல்லிப் போலீஸுக்குத் துப்புக் கொடுக்கிறார். இவற்றை இன்று போனில் பார்த்தால் பாதிதான் புரியும். இவை தொலைக்காட்சிக்காகவோ குழந்தைகளுக்காகவோ செய்யப்பட்டவை அல்ல. பெரிய படத்துக்கு முன்னால், செய்திச்சுருளோடு சேர்த்து, பெரியவர்கள் நிறைந்த இருட்டு அரங்கில் காட்டப்பட்டவை. நிஜ நிழல் எழுந்து நடமாடும் இடத்தில்தான் பொய் நிழல் ஏமாற்றும்.

எம்ஜிஎம் என்ற வேறு ஸ்டூடியோவுக்குப் போன பிறகு ஏவரி இன்னும் ஒரு படி இறங்கி, ஃபிலிம் சுருளையே தொட்டார். 1943-இல் 'டம்-ஹவுண்டட்' படத்தில் ஓநாய் வேகமாகத் திரும்பும்போது சறுக்கி, ஃபிலிமின் ஓரத்துத் துளைகளையும் தாண்டி வெறும் வெள்ளைக்குள் போய்த் திரும்பி வருகிறது. 1944-இல் 'ஸ்க்ரூபால் ஸ்க்விரல்' படத்தில் அணில் காட்சியின் ஓரத்தைத் தாள் மாதிரி தூக்கி, அடுத்த காட்சியில் என்ன நடக்கிறது என்று எட்டிப் பார்க்கிறது. 1948-இல் 'லக்கி டக்கி'யில் துரத்தல் ஒரு பலகையைத் தாண்டியதும் எல்லாம் கறுப்பு வெள்ளையாகிவிடுகிறது. திரும்பிப் போய்ப் பார்த்தால் பலகையில் "டெக்னிகலர் இங்கே முடிகிறது" என்று எழுதியிருக்கிறது. எனக்கு மிகவும் பிடித்தது 1952-இன் 'மேஜிக்கல் மாஸ்ட்ரோ'. ஃபிலிம் ஓடுகிற காலத்தில் தியேட்டரில் படம் பார்த்தவர்களுக்கு இது தெரியும்: ப்ரொஜெக்டரின் வாயில் ஒரு முடியோ நூலோ மாட்டிக்கொண்டால் திரையின் ஓரத்தில் அது பெரிதாகத் துடித்துக்கொண்டே இருக்கும், நடிகர் முகத்தைவிட நம் கண் அதன் மேலேயே போகும். ஏவரி அந்த முடியைத் துடிப்போடு அப்படியே வரைந்து வைத்தார். மேடையில் பாடிக்கொண்டிருக்கும் நாய், பாட்டை நிறுத்தாமலே குனிந்து அதைப் பிடுங்கி எறிகிறது. நிஜ முடி என்று நினைத்து ஆப்பரேட்டர்கள் படத்தை நிறுத்தினார்கள் என்று ஒரு கதை சொல்வார்கள். கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் துறைக்குள் வாய்வழியாக வந்த கதையாகத்தான் அதை மதிக்கிறேன். முடி வரையப்பட்டது என்பது மட்டும் உறுதி. ஒவ்வொரு ஃப்ரேமிலும் வேறு வேறு வளைவில், எந்த ஒழுங்கும் தெரியாமல் துடிக்கும்படி ஒரு முடியை வரைவது லேசான வேலை இல்லை. வரைந்து பழகிய கை, தன்னை அறியாமல் ஒழுங்குக்குள் போய்விடும்.

நடுவில் ஒரு படத்தைச் சொல்லாமல் விட்டால் நியாயமாகாது. 1940-இல் ஃப்ரிஸ் ஃப்ரெலெங் எடுத்த 'யூ ஆட் டு பி இன் பிக்சர்ஸ்'. மதியச் சாப்பாட்டுக்கு ஓவியர்கள் எல்லோரும் ஓடிப்போன பிறகு, டாஃபி, தாளில் இருக்கும் போர்க்கியிடம், கார்ட்டூனில் என்ன இருக்கிறது, பெரிய படங்களுக்குப் போய் நிறையச் சம்பாதி என்று தூண்டிவிடுகிறது. போர்க்கி முதலாளியிடம் போய் ஒப்பந்தத்தை முடித்துக்கொள்கிறது. முதலாளியாக வருவது லியான் ஷ்லெசிங்கரே, நிஜ மனிதராக, தன் நிஜ அலுவலக நாற்காலியில். வெளியே போன போர்க்கி எல்லா இடத்திலும் விரட்டப்பட்டு ஓடி வருகிறது. கிழித்துப் போட்டதாக நினைத்த ஒப்பந்தத்தை முதலாளி கிழிக்கவே இல்லை என்று தெரிகிறது. ஃப்ரெலெங்கே 1937-இல் ஷ்லெசிங்கரை விட்டு எம்ஜிஎம்முக்குப் போய், அங்கே ஒத்துவராமல் 1939-இல் திரும்பி வந்தவர். இதை அவருடைய வாக்குமூலம் என்று நான் அடித்துச் சொல்ல மாட்டேன். ஆனால் வேலையை விட்டுப் போய்த் திரும்பி வந்த யாரும் அந்தப் பன்றிக்குட்டி வாசலில் வந்து நிற்கும் இடத்தைச் சும்மா பார்க்க முடியாது.

சரி, இப்போது 'டக் அமக்'. 1953, இயக்கம் சக் ஜோன்ஸ், கதை மைக்கேல் மால்டீஸ், குரல் மெல் பிளாங்க். ஓடுவது ஏழு நிமிடம். டாஃபி கத்தியோடு ஒரு பழங்காலப் போர்வீரனாகப் பாய்ந்து வருகிறது. நாலடி போனதும் பின்னணி ஓவியம் முடிந்துவிடுகிறது, மிச்சம் வெறும் வெள்ளை. டாஃபி நின்று, யார் பொறுப்பில் இருக்கிறீர்களோ அவர்களே, காட்சி எங்கே என்று மெதுவாகக் கேட்கிறது. ஒரு தூரிகை வந்து பண்ணை வீடு வரைகிறது. வீரன் உடையில் அங்கே பாய்ந்த டாஃபி, சட்டென்று நிலைமையைப் புரிந்துகொண்டு வெளியே போய், விவசாயி உடை போட்டுக்கொண்டு பாடியபடி வருகிறது. அதற்குள் பண்ணை போய்ப் பனிவீடு வந்துவிட்டது. பனிச்சறுக்கு உடையோடு வருகிறது. அதற்குள் ஹவாய்த் தீவு. இப்படியே போய், கோபத்தில் திட்டியதும் ஒரு ரப்பர் வந்து ஆளையே அழித்துவிடுகிறது. இருட்டுகூட இல்லை, வெறும் வெள்ளை. அதிலிருந்து, நான் எங்கே இருக்கிறேன் என்று குரல் மட்டும் வருகிறது.

நான் முதன்முதலில் இந்தப் படத்தை ஒரு பார்வையாளனாகப் பார்த்துச் சிரித்தேன். வேலைக்குச் சேர்ந்து மூன்று வருடம் கழித்துப் பார்த்தபோது வேறு ஒன்று கண்ணில் பட்டது. அந்தக் கை செய்யும் ஒவ்வொரு கொடுமையும் ஸ்டூடியோவின் ஒவ்வொரு மேசை. முதலில் காட்சி போவது, பின்னணி வரைபவரின் மேசை. பாத்திரம் அழிந்து பின்னணி நிற்பதும், பின்னணி மறைந்து பாத்திரம் நிற்பதும் ஏன் சாத்தியம்? 1914-இல் ஏர்ல் ஹர்ட் காப்புரிமைக்கு விண்ணப்பித்த செல் முறையால். கண்ணாடி போன்ற தாளில் பாத்திரம் தனியாக, அடியில் பின்னணி தனியாக. மெக்கேயின் உதவியாளர் ஒவ்வொரு தாளிலும் மலை வரைந்தாரே, அந்தக் கஷ்டத்தைப் போக்கிய முறைதான் டாஃபியை நடுத்தெருவில் நிறுத்துகிறது. அப்புறம் கிட்டார் வாசித்தால் சத்தம் வரவில்லை, டாஃபி "சத்தம் கொடுங்கள்" என்று பலகை காட்டுகிறது. வருவது துப்பாக்கிச் சத்தம். இது ஒலிப்பதிவின் மேசை. வண்ணம் கேட்டால் உடம்பெல்லாம் கோடும் புள்ளியுமாக அடிக்கிறார்கள், வண்ணம் தீட்டுபவர்களின் மேசை. குளோஸ்-அப் கேட்டால் திரை தபால்தலை அளவுக்குச் சுருங்குகிறது, அதட்டினால் கண் மட்டும் தெரியும் அளவுக்கு நெருங்குகிறது, கேமராக்காரரின் மேசை. படத்தை ஆரம்பிக்கலாம் என்றால் 'முற்றும்' என்று அட்டை வருகிறது, டைட்டில் எழுதுபவரின் மேசை. கடைசியாகத் தியேட்டரின் ப்ரொஜெக்டரும் தப்பவில்லை: ஃபிலிம் இடம் மாறி நின்றால் திரை நடுவில் ஒரு கறுப்புக் கோடும், மேலே ஒருவரின் கால்களும் கீழே தலையுமாகத் தெரியுமே, நம் ஊரில் "ஆப்பரேட்டர்!" என்று கத்துவோமே, அதே மாதிரி திரை இரண்டாகிறது. மேல் ஃப்ரேமில் ஒரு டாஃபி, கீழ் ஃப்ரேமில் ஒரு டாஃபி, இரண்டும் சண்டை போட்டுக்கொள்கின்றன. ஒரு கார்ட்டூன் எதனால் எல்லாம் ஆனதோ அத்தனையையும் ஏழு நிமிடத்தில் ஒவ்வொன்றாக உருவி எடுத்துவிடுகிறார்கள்.

அப்படி எல்லாவற்றையும் எடுத்த பிறகும் டாஃபி மிச்சம் இருக்கிறது. உங்கள் மூன்றாவது கேள்விக்கு என் பதில் இதுதான். நாம் நம்புவது வரைந்த கோடுகளையோ வண்ணத்தையோ அல்ல, டாஃபியின் ஆசையை. டாஃபிக்கு என்ன வேண்டும்? வேலை செய்ய வேண்டும். நடிக்க வேண்டும். நான் என் ஒப்பந்தப்படி நடந்துகொள்ளவில்லையா, என் உடம்பைக் கட்டுக்கோப்பாக வைத்திருக்கவில்லையா என்று அது கேட்கும் இடத்தைக் கவனியுங்கள். அப்போது அதன் தலை பூவாகவும், உடம்பு நாலுகால் மிருகமாகவும் வரையப்பட்டிருக்கிறது, அதற்கு இன்னும் தெரியாது. கண்ணாடியில் பார்த்த பிறகுதான் அலறுகிறது. தான் படம் என்று டாஃபிக்கு முதலிலிருந்தே தெரியும். அதில் அதற்கு வெட்கம் இல்லை. படமாக இருப்பது அதன் உத்தியோகம். அந்த உத்தியோகத்தைச் செய்யவிடாமல் மேலே இருக்கும் முகம் தெரியாத ஒருவர் தடுக்கிறார் என்பதுதான் வேதனை. வேலை இடத்தில் அந்தக் கையை நம்மில் பலர் சந்தித்திருக்கிறோம். நான் ஒரு வாரம் வரைந்த கட்டு ஒன்று, ஒரு வார்த்தை விளக்கம் இல்லாமல், குறுக்குக் கோடு போட்டு என் மேசைக்குத் திரும்பி வந்த நாளில் எனக்கு ஞாபகம் வந்தது இந்த வாத்துதான்.

கடைசியில் யார் செய்தது, முகத்தைக் காட்டு என்று டாஃபி கத்த, பென்சில் ஒரு கதவை வரைந்து அதன் முகத்தில் சாத்துகிறது. கேமரா பின்னால் வந்தால் வரையும் மேசையில் உட்கார்ந்திருப்பது பக்ஸ் பன்னி. 1937-இல் ஸ்கிரிப்டை மீறிக்கொண்டு வந்த வாத்தை, 16 வருடம் கழித்து ஸ்கிரிப்டே கைவிடுகிறது. ஜோன்ஸ் இதை யோசித்துத்தான் செய்தார் என்பதற்கு என்னிடம் ஆதாரம் கிடையாது, இது நான் இரண்டு படங்களையும் அடுத்தடுத்துப் பார்த்ததில் எனக்குத் தோன்றியது. ஆனால் பாத்திரத்தின் குணத்தைத்தான் அவர் சோதித்தார் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. இதற்கு ஒரு நல்ல எதிர்ச் சான்றும் அவரே கொடுத்திருக்கிறார். 1955-இல் 'ராபிட் ராம்பேஜ்' என்று அதே யோசனையை வைத்துப் பக்ஸ் பன்னியைப் படுத்தினார். அங்கே ஓவியராக வருவது, மற்றப் படங்களில் பக்ஸை வேட்டையாடத் துரத்தும் எல்மர் ஃபட். தந்திரங்கள் நன்றாகவே இருக்கின்றன, வரைகலையில் குறை சொல்ல முடியாது. ஆனால் படம் மனதில் நிற்பதில்லை. பக்ஸுக்கு எதுவும் தேவை இல்லை, தன் பொந்தில் சும்மா இருந்தாலே அதற்குப் போதும். தேவை இல்லாதவனிடமிருந்து எதைப் பிடுங்குவது? பக்ஸ் சீண்டப்படும்போது நாம் எதிர்பார்ப்பது அதன் பதிலடியை. இங்கே பதிலடி கிடையாது. ஒரே இயக்குநர், ஒரே யோசனை, இரண்டு வருட இடைவெளி, பாத்திரம் மட்டும் வேறு. பாடம் நடத்த இதைவிட நல்ல ஜோடி எனக்குக் கிடைத்ததில்லை. 'டக் அமக்' 1999-இல் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது.

இதே வாதம் எல்லாப் படத்துக்கும் பொருந்துமா என்றால், இல்லை. ஏவரியின் பாத்திரங்களுக்குப் பெரும்பாலும் இப்படி ஓர் உள்மனம் இருக்காது. அந்த அணிலுக்கு ஆசையும் இல்லை, பயமும் இல்லை. அங்கே நம்மை இழுப்பது வேகமும், அடுத்து எந்தச் சுவரை இடிக்கப் போகிறார் என்ற ஆவலும்தான். ஏழு நிமிடத்துக்கு அது தாராளமாகப் போதும். மணிக்கணக்கில் தாங்குமா என்பது சந்தேகம். மாறாக, 1988-இல் வந்த 'ரோஜர் ராபிட்' முழுநீளப் படமாகவே நின்றதற்குக் காரணம், அந்த முயலுக்கு மனைவி மேல் உயிர். கைவிலங்கிலிருந்து சுலபமாகக் கையை உருவிக்கொள்ளும்போது, இதை எப்போது வேண்டுமானாலும் செய்திருக்கலாமே என்று துப்பறிபவர் கொதிக்கிறார். எப்போதும் முடியாது, சிரிப்பு வரும்போது மட்டும்தான் என்கிறது ரோஜர். கார்ட்டூன் பாத்திரத்துக்கு உள்ள ஒரே இயற்கை விதி அது என்பதை அவ்வளவு சுருக்கமாக வேறு யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

உங்களுக்கு நேரம் இருந்தால் ஒரு காரியம் செய்து பாருங்கள். 'டக் அமக்'கின் முதல் ஒன்றரை நிமிடத்தைச் சத்தத்தை அணைத்துவிட்டுப் பாருங்கள். பண்ணை வீடு தோன்றியதும் டாஃபி ஓடிவந்து, கத்தியை நீட்டிய கை அப்படியே நிற்க, கண் மட்டும் இடமும் வலமும் போகும். தோள் இறங்கும். அப்புறம் முதுகைக் காட்டி விறுவிறுவென்று வெளியே நடக்கும். உடையை மாற்றச் சொல்லி எந்தக் கையும் வரைந்து தரவில்லை, டாஃபியே போய் மாற்றிக்கொண்டு வருகிறது. என் மாணவர்களிடம் அந்த இடத்தில் படத்தை நிறுத்தி, அந்த விவசாயி உடை எங்கிருந்து வந்தது என்று கேட்பேன். யாரும் அதுவரை அதை யோசித்திருக்க மாட்டார்கள்.